ஹன்னா ஷிகுல்லாவின் படங்களை எந்த வரிசையில் பார்ப்பது?

ஏப்ரல் 15 முதல் 61 நாள் மீன்பிடித் தடைக்காலத்தில், பாம்பனிலோ தங்கச்சிமடத்திலோ நண்பர்களோடு கூடி ஒரே நடிகையின் படங்களைத் தொடர்ந்து பார்க்க விரும்புவோருக்கு, ஜெர்மானிய நடிகை ஹன்னா ஷிகுல்லாவைப் பரிந்துரைப்பேன். மொட்டைமாடியில் வேட்டியைத் திரையாகக் கட்ட வேண்டாம். கச்சான் காற்று அதைப் பாயாக்கிவிடும்.

1969-இல் வந்த அவரது தொடக்கப் படங்களிலிருந்து தொடங்குவதும் சரிவராது. அவற்றையும் கீழே வரும் முதல் இரண்டு படங்களையும் எடுத்த இயக்குநர் ஃபாஸ்பிண்டரின் அக்காலத்து இறுக்கமான நடிப்புமுறை புதியவரைப் பாதியிலேயே எழுந்து போகவைத்துவிடும். பெர்லின் திரைப்பட விழாவில் ஷிகுல்லாவுக்குச் சிறந்த நடிகைக்கான வெள்ளிக் கரடி விருதைப் பெற்றுத்தந்த, 1979-இன் ‘மரியா பிரௌனின் திருமணம்’ படத்தை முதலில் போடுங்கள். இறுதிப் பகுதியில், 1954 உலகக் கோப்பைக் கால்பந்து வர்ணனை வானொலியில் முழங்க, கேஸ் அடுப்பில் சிகரெட்டைப் பற்றவைத்தபின் அவர் சுடரை வாயால் ஊதி அணைப்பதை நிறுத்தி மறுபடி பாருங்கள்; வசனமே தேவைப்படாத நடிப்பு அது.

அதன்பிறகு பின்னோக்கிச் சென்று, 1974-இன் கறுப்பு வெள்ளைப் படமான ‘எஃபி பிரீஸ்ட்’டைப் பாருங்கள். மரியாவாக ஆண்களை ஆட்டிவைத்த அதே முகம் இங்கே பிறர் விதித்த கட்டுக்குள் ஒடுங்கியிருப்பதை உணரலாம். இப்படத்துக்குப் பின் ஷிகுல்லாவும் ஃபாஸ்பிண்டரும் சில ஆண்டுகள் சேர்ந்து பணியாற்றாமல் பிரிந்திருந்தனர்.

ஃபாஸ்பிண்டர் 1982-இல் மறைந்தார்; மறு ஆண்டே ‘பியராவின் கதை’ என்ற இத்தாலியப் படத்துக்காக ஷிகுல்லா கான் திரைப்பட விழாவில் சிறந்த நடிகையானார். கடைசியாக, இயக்குநர் ஃபாத்தி அகினின் 2007-ஆம் ஆண்டுப் படமான ‘தி எட்ஜ் ஆஃப் ஹெவ’னில் மகளை இழந்த தாயாக வரும் அவரைப் பாருங்கள்.