பாம்பு மாசமா இருக்குன்னு சொல்றதுக்கு முன்னாடி

ஸ்கூல் லீவு வந்தா போதும், நேச்சர் வாக்குக்கு கைடா புதுசு புதுசா வாலண்டியர்ங்க வந்து சேருவாங்க, ஆர்வத்துல ஒரு குறையும் சொல்ல முடியாது. ஆனா இங்க சிங்கப்பூர்ல, சுங்கை பூலோ சதுப்புநிலத்துலயோ மெக்ரிச்சி காட்டுலயோ அவங்க கூட்டத்துக்குப் பின்னாடி சும்மா நடந்து வந்தா, பாம்பு முட்டை, குட்டின்னு பேச்சு ஆரம்பிச்ச உடனே நாங்கல்லாம் ஒரு காலத்துல உளறின அதே உளறல் ஒரு வரி மாறாம காதுல விழுது. பாம்பு பால் குடிக்காது, பழி வாங்காது, இதெல்லாம் எல்லாருக்கும் தெரியும்னு வச்சுக்கிட்டு விட்டுடறேன்.

வயிறு வீங்கியிருந்தா மாசம்னு முடிவு கட்டாதீங்க

எனக்கு இன்னமும் எரிச்சல் வர்றது இதுலதான், அதனால கொஞ்சம் நீளமாவே போகும்.

ஒரு அடுக்குமாடி புளோக்குக்குப் பின்னாடி பெரிய லோங்காங், அதாவது வடிகால், அதோட சரிவுல ஒரு மலைப்பாம்பு வெயில் காய்ஞ்சுக்கிட்டு இருக்கு, உடம்புல வரிசையா மேடு மேடா தெரியுது. கூட்டம் கூடிருச்சு. அங்க நின்ன புது கைடு, நல்ல பையன்தான், எல்லாருக்கும் கேக்குற மாதிரி “அதோ முட்டை தெரியுது பாருங்க, இன்னைக்கோ நாளைக்கோ போட்டுடும், அம்பது அறுபது வரும்”னு சொல்லிட்டான். அவ்வளவுதான், கொஞ்ச நேரத்துல புளோக் வாட்ஸ்அப் குரூப்புல நம்ம வீட்டுக்கடியில அறுபது பாம்புன்னு ஆயிருச்சு, ஒரு அங்கிள் துணி காயப்போடுற மூங்கில் கழியைத் தூக்கிட்டே கீழ இறங்கி வந்துட்டாரு, “வேணாம் அங்கிள், விட்டுடுங்க அங்கிள்”னு நான் கத்திக்கிட்டே ஓடுறதுக்குள்ள ரெண்டு குத்து குத்திட்டாரு. பாம்பு வாயைப் பொளந்து உள்ள இருந்ததை ஒண்ணொண்ணா வெளிய தள்ளிட்டு தண்ணிக்குள்ள போயிருச்சு. முட்டையாவது ஒண்ணாவது, மூணு பெருச்சாளி! அந்த புளோக்குல எலித் தொல்லை தாங்கலன்னு புகார் மேல புகாரா எழுதிட்டு இருந்தவங்களும் அதே கூட்டத்துலதான் நின்னு வீடியோ எடுத்தாங்க.

சாப்பிட்ட பாம்பால வேகமா ஓட முடியாது. ஆபத்துன்னு தோணுச்சுன்னா சாப்பாட்டைக் கக்கி பாரத்தைக் குறைச்சுக்கிட்டுத்தான் தப்பிக்கும். வாந்திதானே எடுத்துச்சு, செத்தா போச்சுன்னு கேக்குறவங்களுக்காகச் சொல்றேன். பெரிய இரை உள்ள போச்சுன்னா மலைப்பாம்போட உள்ளுறுப்பே வளரும், குடல், கல்லீரல் எல்லாம் பெருசாகும், பர்மிய மலைப்பாம்புல அளந்து பார்த்தப்போ ரெண்டு நாளுக்குள்ள இதயமே கிட்டத்தட்ட 40 சதவீதம் கனம் கூடியிருந்துச்சு. இவ்வளவு செலவு பண்ணி ஆரம்பிச்ச வேலையைப் பாதியில விட வச்சா வாரக்கணக்குல தாங்க வேண்டிய சாப்பாடு போச்சு, செலவழிச்ச சத்தும் போச்சு. அது எல்லாத்துக்கும் காரணம் ஒருத்தர் வாயில வந்த ஒரு வார்த்தை.

சரி, எப்படித்தான் பிரிச்சுப் பார்க்குறது? இரை வயித்துலயே நிக்கும், அதாவது உடம்போட நடுப்பகுதியில, எங்க தொடங்குது எங்க முடியுதுன்னு கண்ணுக்குத் தெளிவா தெரியும், நாளாக ஆக அங்கேயே சுருங்கும். முட்டையோ குட்டியோ வளர்ற எடம் வேற. பாம்போட கருக்குழாய் ரெண்டும் நீளமா உடம்போட ஓடுது, வலது பக்கத்தது கொஞ்சம் முன்னாடியும் இடது பக்கத்தது பின்னாடியும் தள்ளி இருக்கும், அகலத்துக்கு எடமே இல்லாத உடம்புங்கிறதால முட்டைங்க ஒண்ணு பின்னாடி ஒண்ணா எம்ஆர்டி ரயில் பெட்டி மாதிரி அடுக்கி நிக்கும். அதனால மாசமா இருக்குற பாம்புக்குப் பின்பாதி முழுக்க, வால் தொடங்குற எடம் வரைக்கும் நீளமா பருத்திருக்கும், பக்கவாட்டுல செதிலுங்க விலகி நடுவுல தோல் தெரியும். வால் மட்டும் திடீர்னு ஒல்லியா தெரியும். நிறைய பாம்புங்க இந்த சமயத்துல சாப்பாட்டைக் குறைச்சிடும், இல்ல சுத்தமா நிறுத்திடும், வெயில்ல கிடக்குற நேரம் கூடும்.

இதைப் படிச்சுட்டு நாளைக்கே போய் தீர்ப்பு சொல்லாதீங்க. ஒல்லியான பாம்புல முட்டை தனித்தனி மேடா தெரியறதும் உண்டு. மலைப்பாம்புல முட்டை சூலகத்துலேர்ந்து கருக்குழாய்க்கு இறங்குற சமயத்துல ஏறக்குறைய ஒரு நாளைக்கு நடு உடம்பு வீங்கி, அப்படியே இரை முழுங்கின மாதிரி இருக்கும், பாம்பு வளர்த்துப் பழகினவங்களே அதுல ஏமாந்து போவாங்க. தூரத்துல நின்னு பார்க்குற நமக்கு என்ன தெரியப் போகுது. “சாப்பிட்டிருக்கலாம், தள்ளி நிப்போம்”னு சொல்லுங்க, மாசமாவே இருந்தாலும் அந்த வார்த்தையால ஒரு கெடுதலும் வராது. யாராவது கழியோட வந்தா என்பார்க்ஸுக்கு, அதான் தேசியப் பூங்காக் கழகத்துக்கு, ஃபோன் பண்ணுங்க, 2020லேர்ந்து நடப்புல இருக்குற வனவிலங்குச் சட்டப்படி காட்டுப் பாம்பைக் கொல்றதும் பிடிக்கிறதும் குத்தம்னும் சொல்லுங்க. சட்டம்னு சொன்னா அங்கிள்மாருங்க கழியை இறக்கிடுவாங்க.

அலமாரிக்குள்ள வெள்ளையா, உருண்டையா, கெட்டியா இருந்தா

பல்லி முட்டை. பாம்பு முட்டை நீள்வட்டமா, தோல் பை மாதிரி மெத்துன்னு இருக்கும்.

பெருசு அம்மா, சிறுசு குட்டின்னு கதை கட்டாதீங்க

வாக்லர் குழிவிரியனைப் பார்த்தா இந்தக் கதை உடனே வந்துரும். பினாங்கு பாம்புக் கோயில் போனவங்களுக்குத் தெரிஞ்ச பாம்புதான், நம்ம காட்டுலயும் இருக்கு. கறுப்பும் மஞ்சளுமா தடிச்சு ஒண்ணு கிளையில சுருண்டிருக்கும், கிட்டத்துலயே பச்சையா ஒல்லியா இன்னொண்ணு. “அம்மாவும் குட்டியும்!” அந்தப் பச்சை பெரும்பாலும் வளர்ந்த ஆம்பளைப் பாம்பு. இந்த இனத்துல பொம்பளைதான் பெருசு, ஆம்பளை கடைசி வரைக்கும் சின்னதா குட்டி நிறத்துலயே இருந்துடும், அதனாலதான் குழப்பம். உண்மையான குட்டிங்க பொறந்ததும் தனித்தனியா போயிடும், அம்மாவும் தேடாது.

அதுக்காக எந்தப் பாம்பும் முட்டையைத் திரும்பிப் பார்க்காதுன்னும் சொல்லிடாதீங்க. நம்ம மலைப்பாம்பு முட்டையைச் சுத்திச் சுருண்டு கிட்டத்தட்ட மூணு மாசம் காவல் காக்கும், அவ்வளவு நாளும் சாப்பாடு கிடையாதுன்னே வச்சுக்கலாம். ராஜநாகம் அதுக்கும் மேல, இலை தழையெல்லாம் உடம்பால இழுத்துக் குவிச்சு கூடே கட்டும். குஞ்சு வெளிய வந்துட்டா ரெண்டுமே ஊட்டி வளர்க்காது.

எடத்தைப் பார்த்து முட்டையா குட்டியான்னு சொல்லாதீங்க

“மரத்துல இருக்குறதெல்லாம் முட்டை, தண்ணியில இருக்குறதெல்லாம் குட்டி”ன்னு ஒருத்தர் ஃபார்முலாவே வச்சிருந்தாரு. ஒரே புதர்ல பார்க்கலாம், பச்சைப் பாம்பு குட்டி போடும், கொம்பேறி மூக்கன் முட்டை போடும், ரெண்டும் ஒல்லி, ரெண்டும் மரத்துலதான். சதுப்புநிலக் காட்டுப் பக்கம் போனா டாக்-ஃபேஸ்டு வாட்டர் ஸ்நேக், ஷோர் பிட் வைப்பர் ரெண்டும் குட்டிதான், அதுல ஃபார்முலா பாஸ் ஆயிடும், ஆனா கடல்ல வாழுற சீ கிரெய்ட் கரைக்கு ஏறி வந்து முட்டை போடும், அதுல ஃபெயில். இனத்தைத் தெரிஞ்சுக்கிட்டு சொல்லுங்க, தெரியலன்னா விடுங்க.

விரியன் குட்டி தாய் வயித்தைக் கிழிச்சுட்டு வரும்

வராது. மெல்லிசான சவ்வுப் பைக்குள்ள இருந்து வெளிய வரும், வந்ததும் கிழிக்கிறது அந்தப் பையைத்தான்.

சாரையும் நாகமும் பின்னிப் பிணையறதைப் பார்த்தேன்னு சொல்ற தாத்தாக்கள்

தாத்தா பார்த்தது நிஜம், சொன்ன விளக்கம்தான் தப்பு, அதனால எடுத்தெறிஞ்சு பேசாதீங்க, வயசானவங்க முகம் வாடிரும். உடம்பைத் தூக்கி நிமிந்து ஒண்ணையொண்ணு முறுக்கித் தள்ளுறது பெரும்பாலும் ரெண்டு ஆம்பளைச் சாரை, மல்லுக்கட்டு, தலையைக் கீழ அமுக்குறதுதான் ஜெயிப்பு. சாரைக்கும் நாகத்துக்கும் ஜோடி சேராது, சாரையிலயே ஆணும் பொண்ணும் இருக்கு. நிஜமா இணை சேர்றப்ப இவ்வளவு ஆட்டம் இருக்காது, தரையோட தரையா கிடக்கும், வால் பக்கம் மட்டும் பின்னியிருக்கும், சில சமயம் மணிக்கணக்கா. ஆம்பளைப் பாம்புக்கு உறுப்பு ரெண்டு, ஒரு நேரத்துல ஒண்ணைத்தான் பயன்படுத்தும். இந்தத் தகவலை ஸ்கூல் பிள்ளைங்க குரூப்புல சொல்லலாமான்னு டீச்சர் முகத்தைப் பார்த்து முடிவு பண்ணிக்குங்க.

பூந்தொட்டியில நெளியறது நாகக்குட்டி இல்ல

காரிடார்ல துளசித் தொட்டியை மாத்துறப்ப மண்ணுலேர்ந்து கறுப்பா, மண்புழு கணக்கா ஒண்ணு வந்தா அது புழுப்பாம்பு, குருட்டுப் பாம்புன்னும் சொல்வாங்க. முழுசா வளர்ந்தாலே ஒரு சாண்கூட இருக்காது. இந்த இனத்துல ஆம்பளையே கிடையாது, எல்லாம் பொட்டை, இணை சேராமலே முட்டை போட்டு தன்னை மாதிரியே பெத்துக்கும், அதனால தொட்டி மண்ணோட ஒண்ணே ஒண்ணு போனாலும் புது ஊருல குடும்பம் ஆரம்பிச்சிடும். இது தெரியாம அதை அடிச்சுட்டு, தாய்ப்பாம்பு எங்கயோ ஒளிஞ்சிருக்குன்னு வீட்டையே கவுத்துத் தேடின ஆன்ட்டி எனக்குத் தெரியும். விஷம் கிடையாது, எறும்பு முட்டை, கரையான் முட்டை தின்னுட்டு இருக்கும், திரும்ப மண்ணுக்குள்ளயே விட்டுடுங்க.