பொம்மைக்கு முன் வெறும் கை

புகாரெஸ்டில் இருந்த நாட்களில், ஓய்வுபெற்ற ஒரு பொம்மலாட்டக் கலைஞரிடம் சனிக்கிழமைதோறும் பாடம் கேட்டேன். நாற்பது வருடம் திரைக்குப் பின்னால் நின்று ஆடியவர், பிறகு ஆசிரியை ஆனவர். எல்லோரும் ‘துவாம்னா’ என்று கூப்பிடுவோம். ருமேனிய மொழியில் அது அம்மையாரே என்பது போல. முதல் நாளே கையில் பொம்மை வரும் என்று நினைத்துப் போனேன். ஆறு வாரம் அவர் தொடவிடவில்லை. அவர் சொல்லித்தந்த வரிசையிலேயே எழுதுகிறேன். வீட்டில் ஒரு கண்ணாடி இருந்தால் போதும், பழகலாம்.

கையுறைப் பொம்மையை அங்கே ‘பிபாபோ’ என்கிறார்கள். சந்தைகளில் ஆடிய பழைய ஜோடியான வசிலாக்கேயும் மரியோவாராவும் இந்த வகைதான். ஆட்காட்டி விரல் தலைக்கு. கட்டைவிரலும் நடுவிரலும் இரண்டு கைகளுக்கு. மீதி இரண்டு விரலையும் உள்ளங்கையோடு மடக்கிக்கொள்ளுங்கள்.

பொம்மை இல்லாமலே தொடங்குங்கள். ஒரு பிங்பாங் பந்தில் ஓட்டை போட்டு ஆட்காட்டி விரலில் மாட்டுங்கள். கண், மூக்கு எதுவும் வரையவேண்டாம். இப்போது அந்தப் பந்து ஜன்னலைப் பார்க்கட்டும், அப்புறம் உங்களைப் பார்க்கட்டும். முகமே இல்லாத பந்து எங்கே பார்க்கிறது என்று எதிரில் இருப்பவருக்குத் தெரிந்தால் முதல் பாடம் முடிந்தது. எனக்கு அதற்கே மூன்று சனிக்கிழமை ஆனது. கையை முழுசாகத் திருப்பிக்கொண்டே இருந்தேன். துவாம்னா என் மணிக்கட்டைப் பிடித்து, “முதலில் தலை, பிறகுதான் உடம்பு. நீ திரும்பும்போது எது முதலில் திரும்புகிறது?” என்று கேட்டார்.

அடுத்தது மூச்சு. சும்மா நிற்கும் பொம்மைகூட மூச்சுவிட வேண்டும். மணிக்கட்டு மெல்ல ஏறி இறங்கினால் போதும், அரிசி மணி அளவு. அதை உங்கள் சொந்த மூச்சோடு சேர்த்துவிட்டால் எண்ணிக்கொண்டிருக்க வேண்டியதில்லை.

கை வலி பெரிய விஷயம். திரைக்கு மேலே பொம்மை இடுப்புவரை தெரிய வேண்டும். கை சோர்ந்தால் ஆள் மெல்ல மெல்லப் புதைகுழிக்குள் இறங்குவதுபோல் ஆகிவிடும். முழங்கையைக் காதுக்குப் பக்கத்தில் வைத்து முன்கையை நேராக நிறுத்துங்கள். முதல் வாரம் இரண்டு நிமிடம், பிறகு ஒவ்வொரு நிமிடமாகக் கூட்டுங்கள். தோளில் சுருக்கென்றால் உடனே இறக்கிவிடுங்கள். பொம்மையின் முகத்தைக் கொஞ்சம் கீழ்நோக்கிச் சாய்ப்பதும் இப்போதே பழக வேண்டியது. குழந்தைகள் தாழ்வாகத்தானே உட்கார்ந்திருக்கிறார்கள். நேராகப் பிடித்தால் அது கூரையைப் பார்க்கும்.

எனக்கு மிகவும் பிடித்தது தீப்பெட்டிப் பயிற்சி. காலித் தீப்பெட்டியைப் பொம்மை பார்க்கிறது, கிட்டே போகிறது, தூக்கப் பார்க்கிறது, முடியவில்லை. நின்று மூச்சு வாங்குகிறது. திரும்பவும் முயல்கிறது. அவசரப்பட்டால் தீப்பெட்டி தீப்பெட்டியாகவே இருக்கும். பொறுமையாகச் செய்தால் பார்ப்பவர் கண்ணுக்கு அது பாறாங்கல் ஆகிவிடும். துவாம்னா செய்து காட்டியபோது அறையில் இருந்த நாங்கள் எல்லோருமே முன்னால் சாய்ந்துவிட்டோம்.

குரல் கடைசியில்தான். இரண்டு பொம்மை இருந்தால் பேசுகிறது மட்டும் அசையும், மற்றது அதைப் பார்த்துக்கொண்டு கேட்கும். இரண்டும் ஆடினால் யார் பேசுகிறார்கள் என்றே தெரியாது.

இதையே தொழிலாக எடுத்துக்கொள்ள முடியுமா என்று ஒருநாள் கேட்டேன். ருமேனியாவில் முடியும். புகாரெஸ்டின் கராஜியாலே நாடக-திரைப்படப் பல்கலைக்கழகத்தில் பொம்மலாட்ட நடிப்புக்கென்றே தனிப் பிரிவு உண்டு. துவாம்னா பேச்சில் மர்கரெத்தா நிகுலெஸ்கு அடிக்கடி வருவார். 1945-இல் தொடங்கிய ட்சண்டரிக்கா என்ற புகாரெஸ்ட் பொம்மலாட்ட அரங்கை 1949 முதல் 1986 வரை நடத்தியவர் அவர். பிறகு பிரான்சுக்குப் போய் ஷார்லவில்-மெசியேரில் 1987-இல் ஒரு பொம்மலாட்டப் பள்ளியையே உருவாக்கினார். ட்சண்டரிக்கா என்றால் சின்ன மரச்சிராய். அந்தப் பெயரை துவாம்னா சொல்லும்போது அவர் குரல் இளகும்.

முதல் பார்வையாளராக ஒரே ஒரு குழந்தையை உட்கார வையுங்கள். அது உங்கள் முகத்தைப் பார்த்தால் பிங்பாங் பந்துக்குத் திரும்புங்கள். பொம்மையைப் பார்த்தால் தீப்பெட்டியை எடுத்து வையுங்கள்.