முயல் தீனி: வயது பாராமல் செய்யும் தவறுகள்

கொழும்பு வெள்ளவத்தையில் உள்ள எங்கள் தொடர்மாடியில் மூன்று வீடுகளில் முயல் வளர்க்கிறார்கள். மூன்றிலும் காலைத் தீனி ஒன்றுதான்: முந்தின நாள் பாணும் ஒரு முழுக் கரட்டும். கரட்டைக் குறையுங்கள் என்றால் ஏதோ பாவம் செய்தவனைப் போல என்னைப் பார்க்கிறார்கள். கரட்டில் இனிப்பு அதிகம். வாரத்தில் ஓரிரு தடவை சிறு துண்டு போதும். பாண், சோறு, பிஸ்கட் அறவே வேண்டாம். முயலின் குடல் புல்லின் நாரை நம்பி இயங்குவது. மாப்பொருள் கூடினால் குடலின் நுண்ணுயிர்கள் நிலைகுலைந்து, வயிறு ஊதும், கழிச்சல் வரும்.

ஆனால் கொடுமையான பிழைகள் நடப்பது குட்டிப் பருவத்தில்தான். தாய் முயல் நாளுக்கு ஒன்றிரண்டு தடவை, அதுவும் சில நிமிடங்கள் மட்டுமே பால் கொடுக்கும். பெரும்பாலும் இரவிலோ விடியலிலோ. மற்ற நேரம் கூட்டை எட்டியும் பார்க்காது. தாய் கைவிட்டுவிட்டது என்று பயந்து, நானும் ஒருமுறை பசுப்பால் ஊட்டினேன். நான்கு குட்டிகளில் இரண்டு தங்கவில்லை. விடிந்ததும் குட்டியின் வயிற்றைப் பாருங்கள். உருண்டு திரண்டு, தோல் இறுகியிருந்தால் பால் குடித்திருக்கிறது. வயிறு ஒட்டித் தோல் சுருங்கியிருந்தால் மிருக வைத்தியரிடம் ஓடுங்கள்.

மூன்று வாரமளவில் குட்டி புல்லைக் கொறிக்கத் தொடங்கும். அதற்காகப் பாலை நிறுத்தலாம் என்று பொருளல்ல. பிரிப்பதற்கு எட்டு வாரம் ஆகட்டும். அட்டைப்பெட்டியில் வைத்து விற்கப்படும் நான்கு வாரக் குட்டி எவ்வளவு அழகாக இருந்தாலும் வாங்காதீர்கள்.

வளரும் குட்டிக்கு ஆறேழு மாதம் வரை, கடையில் விற்கும் உருளை வடிவ முயல் தீனைத் தாராளமாக வைக்கலாம். அதன் பிறகும் கிண்ணத்தை நிரப்பிக்கொண்டே இருந்தால் முயல் கொழுக்கும், புல்லைத் தொடாது. வளர்ந்த முயலின் ஒரு கிலோ எடைக்கு நாளொன்றுக்கு 25 கிராமுக்கு மேல் வேண்டாம். கோழித்தீன் இதற்கு மாற்றல்ல.

வல்லாரை, பொன்னாங்காணி போன்ற கீரைகளை மூன்று மாதத்துக்குப் பிறகு, ஒரு நேரத்தில் ஒரு வகையாக, சிறிது சிறிதாகப் பழக்குங்கள்.

உலர்புல் என்றதும் பலர் வைக்கோலைத் தேடிப் போகிறார்கள். வைக்கோல் நெல் அறுத்தபின் மிஞ்சும் தாள். சத்து சொற்பம், படுக்கைக்குத்தான் ஆகும். முயலுக்கு வேண்டியது புல், அதுவும் எந்நேரமும். வாழ்நாள் முழுதும் வளரும் அதன் பற்கள் புல்லை அரைத்துத்தான் தேய்கின்றன. இறக்குமதியாகும் உலர்புல் விலை கட்டாதென்றால் கினியாப் புல் நல்லது. வாகனப் புகையும் நாய் மூத்திரமும் படும் காலி வீதி போன்ற பெருந்தெரு ஓரத்தில் மட்டும் அறுக்காதீர்கள். அறுத்ததைக் குவித்தும் வைக்காதீர்கள்: கொழும்பின் ஈரக் காற்றில் குவியலின் நடுப்பகுதி ஒரே நாளில் சூடேறிப் புளித்துவிடும். பரப்பிக் காயவைத்து, பூஞ்சை வாடை அடித்தால் தயங்காமல் எறிந்துவிடுங்கள்.

முயல் தன் பின்புறத்தில் வாய் வைத்து மென்மையான புழுக்கையைத் தின்பதை அசிங்கம் என்று தடுக்க வேண்டாம்; சத்தை இரண்டாம் முறை எடுத்துக்கொள்கிறது. புழுக்கை போடாமல், தீனியும் தொடாமல் அரை நாள் கிடந்தால் மட்டும் மறுநாள் வரை காத்திருக்காதீர்கள்.

ஐந்தாறு வயதைத் தாண்டிய முயல் புல்லை ஒதுக்கி, மெல்லிய கீரையை மட்டும் தேடும்போது, செல்லம் கொடுத்துக் கெடுத்துவிட்டோம் என்று வீட்டில் சிரிப்பார்கள். அதன் தாடையைத் தடவிப் பாருங்கள். ஈரமாக இருந்தால் பல்லில் கோளாறு.