கூத்தைப் படம் எடுக்கப் போகிறீர்களா? நான் விட்ட பிழைகள்

போன மாதம் திருகோணமலை உப்புவெளியில் இரண்டு பொடியன்மார் தாங்கள் எடுத்த ஆவணப்படத்தைப் போட்டுக் காட்டினார்கள். வயதான நாதஸ்வரக்காரர் ஒருவரைப் பற்றியது. படம் அழகு, ஒலி நாசம். பத்து வருடத்துக்கு முந்தின என்னையே பார்த்த மாதிரி இருந்தது. பற்றரியைச் சார்ஜ் பண்ணுங்கள், லென்ஸைத் துடையுங்கள் என்றெல்லாம் சொல்லி உங்கள் நேரத்தை வீணாக்க மாட்டேன்.

கமராவின் மைக்கை நம்புவது

மூதூர்ப் பக்கம் ஒரு கிராமத்தில் வடமோடிக் கூத்து அரங்கேற்றம். ஆடிப் பாடி நடிக்கிற மரபு நாடகம். மாதக்கணக்கில் பழகி, ஒரே இரவில் விடிய விடிய ஆடுகிற விஷயம். நான் இரண்டு கமரா, வாடகை லென்ஸ் என்று போய் இறங்கினேன். ஒலிக்கு? கமராவின் மைக், அதுவும் 'ஓட்டோ'வில்.

ஓட்டோ என்ன செய்யும் தெரியுமா? பெரிய சத்தம் வந்தால் தானே அளவைக் குறைக்கும், அமைதி வந்தால் தானே கூட்டும். மத்தளத்தில் அடி விழ, பாடுகிறவரின் குரல் அமுங்கிப்போகும். அடி நின்றதும் ஜெனரேட்டர் இரைச்சல் எழும்பி வரும். இரவு முழுக்க இதே கூத்துத்தான்.

கூத்தைப் பழக்கிய ஆசான், அண்ணாவியார், வீட்டில் போட்டுக் காட்டினேன். கொஞ்ச நேரம் பார்த்தார். "தம்பி, சல்லரி எங்க? எனக்கு இஞ்சின் சத்தம்தான் கேக்குது" என்றார். சல்லரி என்பது கூத்துக்குத் தட்டுகிற கைத்தாளம். ஏசியிருந்தால் கூடப் பரவாயில்லை.

சரி, ஒரு காட்சியை மட்டும் திரும்ப ஆடிக் காட்டுங்கள் என்று கெஞ்சினேன். உடுப்பு, ஒப்பனை, வான் கூலி, சாப்பாடு என்று கல்யாண வீடியோவில் உழைத்த ஒரு மாதக் காசு போனது. பகல் வெயிலில், பார்க்க ஆளில்லாமல், கமராவுக்காக ஆடினார்கள். பிற்பாட்டுக்காரருக்குச் சூடு ஏறவே இல்லை. அதில் ஒரு நிமிடத்தைக் கூடப் படத்தில் சேர்க்க முடியவில்லை. கூட்டாளி ஒருவன் தன் றெக்கோடரைக் கொண்டுபோகச் சொன்னபோது, "எதுக்குச் சுமை?" என்று கேட்டவன் நான். அதுதான் இன்றைக்கும் எரிச்சல்.

ஒலிக்குத் தனி றெக்கோடர் வையுங்கள். 48 கிலோஹேர்ட்ஸ், 24 பிட் என்று வையுங்கள். ஒலி அளவை ஓட்டோவில் விடாமல் நீங்களே வையுங்கள். மத்தளத்தின் மிகப் பலத்த அடி றெக்கோடரின் மீற்றரில் மைனஸ் 12 டெசிபெல்லைத் தாண்டாமல் பாருங்கள். பெரிய சத்தம், சின்னச் சத்தம் இரண்டையும் சேர்த்துப் பிடிக்கிற 32 பிட் ஃப்ளோட் றெக்கோடர் இருந்தால் அளவைப் பற்றிய கவலை குறையும். ஆனால் ஜெனரேட்டர் இரைச்சலை அது எடுத்துவிடாது. ஜெனரேட்டரைக் களரிக்கு, அதாவது ஆடுகிற இடத்துக்கு, தூரத்தில் வைக்கச் சொல்லி முதல் நாளே கேளுங்கள். ஸ்பீக்கர் பெட்டிக்கு முன்னால் மைக்கை வைக்காதீர்கள். தொடங்கும்போது கமராவுக்கு முன்னால் ஒரு கைதட்டு. அப்புறம் படத்தையும் ஒலியையும் பொருத்த அதுதான் அடையாளம். கச்சான் காற்று வீசுகிற மாதங்களில் மைக்குக்குக் காற்றிரைச்சலைத் தடுக்கிற மயிர் உறை போடாமல் வெளியே போகவே வேண்டாம்.

குழல்விளக்கு

இங்கே மின்சாரம் 50 ஹேர்ட்ஸ். குழல்விளக்கு வெளிச்சத்தில் ஷட்டர் வேகத்தை 1/50 அல்லது 1/100 செக்கனில் வையுங்கள். இல்லாவிட்டால் படத்தில் பட்டை ஓடும்.

எல்லாரிடமும் போரையும் சுனாமியையும் கேட்பது

திருகோணமலைக்குக் கமராவோடு வருகிற பாதிப் பேர் இதைத்தான் செய்கிறார்கள். மத்தளம் கட்டுகிற ஒருவரிடம் நானும் 2004ஐப் பற்றியே முக்கால் மணித்தியாலம் கேட்டேன். பொறுமையாகப் பதில் சொன்னார். கமராவை மூடியதும் தோலை எப்படி ஊறவைப்பது, வாரை எவ்வளவு இறுக்குவது என்று கண் மின்னப் பேசத் தொடங்கினார். எடுக்க வேண்டியது அதைத்தான். சொல்ல விரும்புகிறவர் தானே சொல்வார், நீங்கள் தோண்ட வேண்டியதில்லை.

ட்ரோன்

கோணேசர் கோயிலுக்குப் போகிற வழியே கோட்டைக்குள்தான். அங்கே இராணுவம் இருக்கிறது. எழுத்தில் அனுமதி இல்லாமல் பெட்டியைத் திறக்காதீர்கள்.

சும்மா ஆடச் சொல்வது

காசு கொடுங்கள்.

பெயரை அப்புறம் எழுதலாம் என்பது

அன்றிரவே எழுதுங்கள். நவராத்திரிக் கும்பத்தில் எடுத்த ஒரு பாட்டு என்னிடம் இன்னும் 'வெள்ளைச் சேலை அக்கா' என்ற பெயரில்தான் கிடக்கிறது.