தேதியை எழுத்தாக மாற்றுவது எப்படி: சின்ன எம், பெரிய எம் குழப்பம் உட்பட

புரோகிராம் எழுதக் கற்றுக்கொள்ளும் எல்லாரும் ஒரு நாள் தேதியைத் திரையில் அச்சிட்டுப் பார்ப்பார்கள். 2025-03-04 21:05:07.000123 என்று நீளமாக ஏதோ வந்து நிற்கும். நமக்கு வேண்டியது 04-03-2025 மட்டும்தான். உடனே பலரும் செய்வது, அந்த நீள எழுத்துத் தொடரை அங்கே நாலு எழுத்து இங்கே ரெண்டு எழுத்து என்று வெட்டி ஒட்டுவது. வேலை நடக்கும், ஆனால் இதற்கென்றே எல்லா மொழியிலும் ஒரு ஃபங்ஷன் இருக்கும்போது கத்தரிக்கோலை எடுப்பானேன்.

பைதானை வைத்தே விளக்குகிறேன், மற்ற மொழிகளில் எங்கே மாறும் என்று பிறகு சொல்கிறேன். குறியீட்டு எழுத்துகளின் பெயரை இங்கே தமிழில் எழுதியிருக்கிறேன், எடிட்டரில் தட்டும்போது அந்த ஆங்கில எழுத்தையே தட்டுங்கள். சின்ன எழுத்தா பெரிய எழுத்தா என்பதில் மட்டும் கண்ணை எடுக்காதீர்கள்.

படி 1: ஒரு நல்ல மாதிரித் தேதி

டேட்டைம் மாட்யூலை இம்போர்ட் செய்துகொண்டு, அதிலுள்ள டேட்டைம் கிளாஸுக்கு வருடம், மாதம், நாள், மணி, நிமிடம், நொடி என்று இதே வரிசையில் 2025, 3, 4, 21, 5, 7 ஆகிய எண்களைக் கொடுங்கள். 2025 மார்ச் 4, செவ்வாய்க்கிழமை, இரவு 9 மணி 5 நிமிடம் 7 நொடி தயார்.

"இப்போதைய நேரத்தை எடுத்தால் போதாதா?" என்று கேட்கலாம். போதாது. நாள், மாதம், நிமிடம் எல்லாம் வேறு வேறு எண்ணாக இருந்தால்தான், ஒன்றின் இடத்தில் இன்னொன்று வந்து உட்கார்ந்தால் தெரியும். மணி நண்பகலைத் தாண்டியிருந்தால்தான் 12 மணி நேரக் கணக்கா 24 மணி நேரக் கணக்கா என்பதும் பிடிபடும். மேலே உள்ள தேதியை அதற்காகவே பொறுக்கி எடுத்தேன்.

படி 2: பேட்டர்ன் எழுதுவது

அந்தத் தேதியின் மேல் அழைக்க வேண்டிய மெதடின் பெயர்: ஸ்ட்ரிங் என்பதன் முதல் மூன்று எழுத்து, ஃபார்மட் என்பதன் முதல் எழுத்து, அப்புறம் டைம் என்ற முழுச்சொல். எல்லாம் சின்ன எழுத்து, இடைவெளி இல்லாமல். சி மொழியிலிருந்து வந்த பெயர் இது, பிஎச்பி, ரூபி போன்றவற்றிலும் பார்த்திருப்பீர்கள்.

அடைப்புக்குறிக்குள் பேட்டர்னைக் கொடுக்க வேண்டும். % குறி போட்டு ஓர் எழுத்து எழுதினால் அந்த இடத்தில் தேதியின் ஒரு பகுதி வந்து நிரம்பும், மற்றபடி நீங்கள் போடும் கோடு, புள்ளி, காற்புள்ளி எல்லாம் போட்டபடியே வரும். நாளுக்குச் சின்ன டி, மாதத்துக்குச் சின்ன எம், வருடத்துக்குப் பெரிய ஒய். மூன்றுக்கும் முன்னால் % போட்டு, நடுவில் சிறுகோடு வைத்தால் விடை 04-03-2025. ஒய்யைச் சின்னதாக எழுதினால் வருடம் 25 என்று சுருங்கிவிடும்.

படி 3: நேரத்தைச் சேர்ப்பது

24 மணி நேரக் கணக்குக்குப் பெரிய எச் (21 வரும்), நிமிடத்துக்குப் பெரிய எம் (05), நொடிக்குப் பெரிய எஸ் (07). 12 மணி நேரக் கணக்கு வேண்டுமென்றால் பெரிய ஐ போட்டு, ஏஎம் பிஎம் காட்டும் சின்ன பி-யைக் கூடவே போடுங்கள். அதை விட்டுவிட்டால் இரவு 9-க்கும் காலை 9-க்கும் வித்தியாசம் தெரியாது.

இப்போது இந்த எம் விஷயத்துக்கு வருவோம். சின்ன எம் மாதம், பெரிய எம் நிமிடம். கை தவறி மாதத்தின் இடத்தில் பெரிய எம் விழுந்தால் நம் மாதிரித் தேதி 04-05-2025 என்று வரும். பாருங்கள், பிழைச் செய்தி எதுவும் இல்லை, பார்ப்பதற்கும் ஒழுங்கான தேதி, மே 4 என்று யாரும் நம்பிவிடுவார்கள். 47-ஆவது நிமிடத்தில் ஓட்டியிருந்தால் 04-47-2025 என்று வந்து காட்டிக்கொடுத்திருக்கும். ஆக, நிமிடம் 1 முதல் 12 வரை இருக்கும்போது மட்டும் சந்தேகமே வராத தப்பான தேதியைத் தரும் ஒரு பிழை. இதைத் தேடிப் பிடிப்பது பெரிய தலைவலி.

படி 4: வேறு மொழிக்குப் போனால்

ஜாவாவிலும் டாட்நெட்டிலும் % குறி கிடையாது, எழுத்தையே திரும்பத் திரும்ப எழுத வேண்டும்: ரெண்டு டி, ரெண்டு எம், நாலு ஒய் என்று. அதோடு எம் அப்படியே தலைகீழ். அங்கே பெரிய எம்தான் மாதம், சின்ன எம் நிமிடம். மைஎஸ்கியூஎல் என்ற டேட்டாபேஸில் நிமிடத்துக்குச் சின்ன ஐ, பெரிய எம் போட்டால் மாதத்தின் பெயரே வந்துவிடும். கோ மொழியில் குறியீட்டு எழுத்தே இல்லை, 2006 ஜனவரி 2, 15:04:05 என்ற ஒரு குறிப்பிட்ட நேரத்தை நமக்கு வேண்டிய வடிவில் எழுதிக் காட்ட வேண்டும். மாதம் 1, நாள் 2, மணி 3, நிமிடம் 4, நொடி 5, வருடம் 6 என்று ஞாபகம் வைத்துக்கொள்ளலாம். எனக்கென்னவோ இது கொஞ்சம் விநோதமாகத்தான் படுகிறது.

ஜாவாவில் வருடத்துக்குச் சின்ன ஒய்தான் போட வேண்டும், பைதான் பழக்கத்தில் பெரிய ஒய் போட்டுவிடாதீர்கள். அது வாரக் கணக்கில் வரும் வருடம். 2024 டிசம்பர் 31 செவ்வாய்க்கிழமை, அந்த வாரத்திலேயே ஜனவரி 1 வந்துவிடுவதால் அதை 2025-இன் முதல் வாரமாக எண்ணுவார்கள். விளைவு, திரையில் 31-12-2025. வருடம் முழுக்கச் சரியாக ஓடிவிட்டு, புத்தாண்டை ஒட்டிய சில நாட்களில் மட்டும் ஒரு வருடம் தள்ளிக் காட்டும்.

படி 5: மாதப் பெயர், கிழமை

பைதானில் மாதத்தின் முழுப் பெயருக்குப் பெரிய பி, கிழமைக்குப் பெரிய ஏ. சும்மா ஓட்டினால் ஆங்கிலப் பெயர்தான் வரும். தமிழில் வேண்டுமென்றால் லொக்கேல் என்ற மொழி, வட்டார அமைப்பை மாற்றலாம், ஆனால் அது புரோகிராம் முழுவதையும் பாதிக்கும், ஓடுகிற கணினியில் தமிழ் லொக்கேல் நிறுவியிருக்கவும் வேண்டும். சின்ன வேலைக்கு 12 மாதப் பெயர்களை நீங்களே ஒரு லிஸ்டில் எழுதி, மாத எண்ணில் ஒன்றைக் கழித்து எடுப்பது எவ்வளவோ நிம்மதி. ஜாவாஸ்கிரிப்டில் இந்தக் கஷ்டம் குறைவு: இன்டில் என்ற பொருளுக்குள் டேட்டைம்ஃபார்மட் இருக்கிறது, தமிழுக்கான மொழிக் குறியீட்டைக் கொடுத்தால் பெயர்கள் தமிழிலேயே வரும்.

படி 6: எந்த வடிவம், எந்த இடத்தில்

மனிதர் படிக்க என்றால் "4 மார்ச் 2025" நல்லது. 04-03-2025-ஐ அமெரிக்கர் ஒருவர் ஏப்ரல் 3 என்று படிப்பார், மாதத்தை எழுத்தில் எழுதினால் அந்தச் சந்தேகமே வராது.

ஃபைல் பெயர், லாக், வேறு புரோகிராமுக்கு அனுப்புவது என்றால் கண்ணை மூடிக்கொண்டு 2025-03-04. தேதி எழுதுவதற்கான ஐஎஸ்ஓ 8601 என்ற சர்வதேசத் தரம் சொல்வது இதைத்தான். எழுத்தாக வரிசைப்படுத்தினாலும் காலவரிசை கெடாது. நாளை முன்னால் வைத்தால் 02-12-2025 மேலேயும் 15-01-2025 கீழேயும் போய் உட்காரும், டிசம்பர் முதலில், ஜனவரி பிறகு.

டேட்டாபேஸில் தேதிக்கென்றே தனி வகை நெடுவரிசை இருக்கும்போது எழுத்தாக மாற்றிச் சேமிக்கவே வேண்டாம். கடைசியில், திரையில் காட்டும் இடத்தில் மட்டும் மாற்றுங்கள். இன்னொன்று, ஜாவாஸ்கிரிப்டில் ஐஎஸ்ஓ வடிவம் தரும் மெதட் எப்போதும் யூடிசி என்ற உலகப் பொது நேரத்தையே தரும். உங்கள் நேரவலயம் அதற்கு முன்னால் இருந்தால், அதிகாலையில் நேற்றைய தேதி வரும்.

படி 7: சரிபார்ப்பது

எழுத்திலிருந்து தேதிக்குத் திரும்ப, பைதானில் அதே மெதட் பெயரில் எஃப்-ஐ எடுத்துவிட்டுச் சின்ன பி போடுங்கள், பார்ஸ் என்பதன் பி. இதை டேட்டைம் கிளாஸின் மேல் அழைத்து, எழுத்தையும் பேட்டர்னையும் கொடுக்க வேண்டும். பேட்டர்ன் பொருந்தாவிட்டால் வேல்யூஎரர் என்று கத்தும். ஒரே பேட்டர்னில் எழுதி, திரும்பப் படித்து, பழைய தேதியோடு ஒப்பிட்டுப் பாருங்கள். மாதம் இருக்க வேண்டிய இடத்தில் நிமிடம் இருந்தால் திரும்பி வரும் தேதி ஜனவரியில் நிற்கும், ஏனென்றால் மாதமே கொடுக்கவில்லை என்றால் பைதான் 1 என்று எடுத்துக்கொள்ளும். நம் மாதிரித் தேதியோடு 2024 டிசம்பர் 31-ஐயும் சேர்த்து ஓட்டிவிடுங்கள்.