மறுவேளைச் சாறு: அவசரத்துக்கு மாவு புளிக்க வைக்கிற முறை

முதல்ல செடிய அடையாளம் தெரியணும். வேளைன்னா எல்லாம் ஒண்ணுதான்னு பறிச்சுட்டு வந்துராதீங்க. வெள்ளைப் பூவும் அஞ்சு இலையுமா வேலியோரம் நிக்கிறது நல்வேளை. அதைக் கீரையா கடையலாம், அவ்வளவுதான். மஞ்சப் பூவா, தொட்டா பிசுபிசுன்னு ஒட்டுறது நாய்வேளை. மறுவேளை இந்த ரெண்டும் இல்ல, இதோட சாறு பட்டதுக்கு நேரம் வேகமா ஓடும். நம்ம கடலூர் ஓ.டி.யில, அதாவது பழைய டவுன்ல, உப்பனாத்தங்கரையில, கடல் தண்ணி ஏறி வந்து தொட்டுட்டுப் போற மட்டத்துல மட்டும்தான் நிக்கும். பூ கத்திரிப்பூ நிறம். நிறத்தை மட்டும் நம்பாம செடிகிட்ட கொஞ்சம் நின்னு பாருங்க: மொட்டா இருந்தது, நீங்க செருப்பைக் கழட்டி விடுறதுக்குள்ள காயா ஆயிருக்கும்.

பிச்சாவரத்துலயும் கெடக்குதுன்னு சிலர் கிளம்பிடுவாங்க. அது வனத்துறை காடு. போதாததுக்கு, தில்லை மரத்துப் பால் கண்ணுல பட்டா பார்வைக்கே ஆபத்து. வேணாம்.

விடியறதுக்கு முன்னாடி, தண்ணி வடிஞ்ச நேரம் பார்த்துப் பறிங்க. பறிச்ச கையோட கல்லுப்பு கரைச்ச தண்ணியில போட்டுரணும். உப்பு பட்டா இதோட ஓட்டம் நின்னுரும். வெறும் பையில போட்டா, வீட்டுப் படி ஏறும்போது சருகுதான் மிஞ்சும். உப்புத் தண்ணியில, பீங்கான் ஜாடியில கெடந்தா எத்தனை நாளானாலும் பச்சையாவே இருக்கும். அதனால இலையாத்தான் சேத்து வைக்கணும். சாறு அன்னன்னைக்கு இறக்கிக்கணும்.

ரெண்டு கைப்பிடி இலைய நாலஞ்சு தண்ணியில அலசுங்க. உப்பு போயிருச்சான்னு நாக்குல வெச்சுப் பார்க்காதீங்க. கடைசியா அலசின தண்ணியில ஒரு சொட்டு எடுத்து, பச்சமிளகாய்க் காம்புல விடுங்க. காம்பு சட்டுனு வாடினா சரி. அப்புறம் அம்மியில நசுக்கி, ஒரு படி தண்ணி ஊத்தி, ஒரு ஆழாக்கா வத்துற வரைக்கும் காய்ச்சணும். எட்டுக்கு ஒண்ணு, கஷாயக் கணக்குதான். எரிப்பு தீபாக்கினி, ஒரு விளக்குத் திரி அளவு. கேஸ் அடுப்புன்னா சின்ன பர்னர்ல சிம்முல வைங்க. மண்சட்டி தவிர வேற பாத்திரம் ஆகாது. இரும்புச் சட்டி கொதி வர்றதுக்குள்ள துருப்பிடிச்சு ஓட்டையாயிடும், பித்தளை பச்சை பூத்துரும். ஆவிக்கு மேல குனியாதீங்க. எங்க மாமியாருக்கு இடது புருவம் மட்டும் சின்ன வயசுலயே வெளுத்திருந்தது, அது பரம்பரை நரை இல்ல.

பதம் பார்க்கறதுலதான் சூட்சுமம் இருக்கு. புது வெள்ளைத் துணியில வடிகட்டுங்க. ஓரத்துலேர்ந்து நடுவுக்கு, உங்க கண்ணு முன்னாடியே துணி பழுப்பேறும். டீக்கறை நிறத்தோட நின்னா பதம் சரி. பிழியும்போதே நூல் நூலா பிரிஞ்சு கையோட வந்தா முத்திப்போச்சு. அரை ஆழாக்கு வெந்நீர் சேத்து வேற துணியில வடிங்க. துணி வெள்ளையாவே இருந்தா உப்பு சரியா போகல.

இப்ப கணக்கு. ஒரு படி மாவுக்கு ஒரு சொட்டு ஒரு நாழிகை, அதாவது 24 நிமிஷம். எட்டு மணி நேரம் புளிக்கணும்னா 20 சொட்டு. சித்திரை வெயில்ல 15 போதும். ஐப்பசி, கார்த்திகை அடைமழையில 30 வரைக்கும் போகலாம். மாவை உப்பு போடாம அரைச்சு வைங்க, இது முக்கியம். பாத்திரத்துல மூணுல ஒரு பங்குக்கு மேல வேணாம். ராத்திரி முழுக்கப் பொங்க வேண்டியது அஞ்சு நிமிஷத்துல பொங்கும், அடியில தாம்பாளம் வைங்க. சொட்டு விட்டதும் ஓரத்துல குமிழி கிளம்பும், மாவு மெல்ல நடுவுல மேடு தட்டும். புளிப்பு வாசனை மூக்குல ஏறின உடனே கல்லுப்பு தூவிக் கலக்கிடுங்க, அதோட நிக்கும். உப்பு ஜாடி கைக்கெட்டுற இடத்துல இல்லாம ஆரம்பிக்கவே ஆரம்பிக்காதீங்க. சொட்டு விட, குழந்தைக்குப் பால் புகட்டுற பாலாடை நல்லது. நான் விரலாலதான் விடுறேன். அந்த ஒரு விரல் நகத்தை மட்டும் அடிக்கடி வெட்ட வேண்டியிருக்கு.

தயிருக்கும் இதே கணக்குதான். பால்ல உப்பு போட்டு நிறுத்த முடியாதுங்கறதால ரெண்டு ரெண்டு சொட்டா விட்டு, பாத்திரத்தைச் சாய்ச்சுப் பார்த்து நிறுத்திக்கங்க. கருவாட்டுக்கு ஆகாது. நேரம் ஓடுமே தவிர வெயில் அதோட சேர்ந்து வராது, மீன் அழுகித்தான் போகும்.

செடி கொடிக்கும் அப்படித்தான். 2011 டிசம்பர் 30-ல அடிச்ச ‘தானே’ங்கற புயல்ல பண்ருட்டிப் பக்கம் பலாவும் முந்திரியும் வேரோட சாஞ்சு கெடந்தப்போ, எங்க மாமியார்கிட்ட வந்து, கன்னை மரமாக்கித் தரச் சொல்லி கேட்டாங்க. ஒரு நாளைக்கு 60 நாழிகை, வருஷத்துக்கு 21,900 சொட்டு. பலா காய்க்க எத்தனை வருஷம்! ஆனாலும் அந்தம்மாவுக்கு மனசு கேக்கல. ஒரு கன்னுக்கு ஒரு ஆழாக்கு ஊத்தினாங்க. மூணு இலை விட்டுச்சு, நாலாவது துளிர் விரியும்போதே நின்னவாக்குல காஞ்சு போச்சு. அத்தனை நாளைக்கான தண்ணியும் வெயிலும் அந்த அஞ்சு நிமிஷத்துல எங்கேர்ந்து வரும்?

குடிக்கிற யோசனையே வேணாம். வட்டிக்காரன் சொன்ன தேதி சீக்கிரம் தாண்டணும்னு கேட்டு வர்றவங்க உண்டு. தேதி ஊருக்கெல்லாம் ஒண்ணு, வயசு மட்டும் குடிச்சவங்களுக்குத்தான் ஏறும்.

சட்டி கழுவின முதல் தண்ணிய எருக்குழியில ஊத்துங்க, குப்பை நல்லா மக்கும். ரெண்டாவது தடவை உப்பு போட்டுக் கழுவுங்க. உப்பில்லாத தண்ணி சாக்கடைக்குப் போச்சுன்னா, அங்க கெடக்கற கொசுப்புழு அத்தனையும் ஒரே மூச்சுல கொசுவா எழும்பும். தெருக்காரங்களுக்கு நீங்கதான் பதில் சொல்லணும்.