ஆசிரியர்கள் பதாகை பிடித்தால் மேயர் என்ன செய்வது? சிம்சிட்டி 4 ஆட்டத்தைப் புதிதாகத் தொடங்குவோருக்கு

சென்ற பள்ளி விடுமுறையில் அக்காள் மகன் கோலாலம்பூர் செந்தூலில் உள்ள எங்கள் வீட்டில் வந்து தங்கியிருந்தான். இரண்டாம் நாள் இரவு பதினொரு மணிக்கு என் அறைக் கதவைத் தட்டினான். "மாமா, என் ஊரில் எல்லா வாத்தியார்களும் வெளியே வந்து கத்துகிறார்கள். டாக்டர்களும் கிளம்பிவிட்டார்கள்."

போய்ப் பார்த்தேன். அவன் சொன்ன ஊர், மேயராக இருந்து நகரம் கட்டி நடத்தும் சிம்சிட்டி 4 கணினி ஆட்டத்தில் அவன் கட்டியது. ஐந்து பள்ளிகள், இரண்டு மருத்துவமனைகள். ஒவ்வொன்றின் வாசலிலும் எறும்பளவு மனிதர்கள் பதாகையோடு சுற்றிச் சுற்றி நடந்துகொண்டிருந்தார்கள். என்ன செய்தாய் என்று கேட்டேன். "ஒன்றும் செய்யவில்லை, கொஞ்சம் சிக்கனம் பிடித்தேன்" என்றான். கல்வித்துறையின் மொத்த ஸ்லைடரையும் (நிதியைக் கூட்டவும் குறைக்கவும் இழுக்கும் பட்டை) சுகாதாரத்துறையின் ஸ்லைடரையும் பிடித்து 70 விழுக்காட்டுக்கு இழுத்துவிட்டிருந்தான். கஜானா நிரம்பியது. ஊர் நின்றுபோனது.

நான் இந்த ஆட்டத்தைத் தொடங்கிய புதிதில் நேர் எதிரான தப்பைச் செய்தேன். முதல் வேலைநிறுத்தத்தைப் பார்த்ததும் பயந்துபோய் எல்லா ஸ்லைடரையும் உச்சிவரை ஏற்றினேன். ஆசிரியர்கள் சிரித்துக்கொண்டே உள்ளே போனார்கள். எட்டே மாதத்தில் ஊர் திவாலானது. ஆகவே இந்தச் செய்முறை இரண்டு வகை மேயர்களுக்கும் ஆனது.

ஆட்டத்தைப் பற்றி இரண்டு வரி. சிம்சிட்டி 4, மேக்சிஸ் நிறுவனம் உருவாக்கி 2003 ஜனவரியில் வெளிவந்தது. அதே ஆண்டு 'ரஷ் ஹவர்' என்ற கூடுதல் தொகுப்பு வந்தது. இரண்டையும் சேர்த்து 'டீலக்ஸ்' பதிப்பாக இன்றும் ஸ்டீம் என்ற இணைய ஆட்டக் கடையில் வாங்கலாம். பழைய ஆட்டம்தான், என் மடிக்கணினியைப் போன்ற நோஞ்சான் கணினியிலும் ஓடும். பணத்தின் பெயர் சிமோலியன்.

முதல் படி: கடிகாரத்தை நிறுத்துங்கள்

பதாகை கண்ணில் பட்ட நொடியில் ஆட்டத்தை இடைநிறுத்தம் செய்யுங்கள். ஆட்டம் நின்றிருக்கும்போதும் ஸ்லைடரை மாற்றலாம், கட்டலாம், இடிக்கலாம். நிறுத்தாமல் யோசித்துக்கொண்டிருந்தால், நீங்கள் ஒரு வாய் தே தாரேக் (இழுத்து ஆற்றிய தேநீர்) குடிப்பதற்குள் ஊரில் மாதங்கள் ஓடிவிடும்.

வேலைநிறுத்தம் நடக்கும் கட்டடம் இயங்காது. மருத்துவமனை என்றால் ஊராரின் உடல்நலம் சரியும். பள்ளி என்றால் கல்வித்தரம் சரியும், இதுதான் மோசமானது. உயர்தொழில்நுட்ப ஆலைகள் படித்தவர்கள் உள்ள ஊருக்குத்தான் வரும். படித்த தலைமுறை உருவாக ஆட்டத்திலும் பல ஆண்டுகள் ஆகின்றன. ஆறு மாதம் பள்ளியை மூடிவைத்து மிச்சம் பிடித்த காசுக்கான வட்டியைப் பின்னால் பல ஆண்டுகள் கட்டுவீர்கள்.

இரண்டாம் படி: கேள்விக்குறியால் கட்டடத்தைத் தொடுங்கள்

புதியவர்கள் பலர் இதைத் தாண்டிவிடுகிறார்கள். வேலைநிறுத்தம் என்றதும் நேராக வரவுசெலவுப் பலகையைத் திறக்கிறார்கள். அங்கே போகாதீர்கள். கேள்விக்குறிப் பொத்தானை எடுத்து, பதாகை தெரிகிற அந்தப் பள்ளியின் மேல் அழுத்துங்கள். ஒரு சிறு பெட்டி திறக்கும்.

அதில் எத்தனை மாணவர்கள் படிக்கிறார்கள், எத்தனை பேருக்கு இடம் இருக்கிறது என்ற இரு எண்களைப் பாருங்கள். பள்ளியின் மதிப்பெண்ணும் எழுத்தில் இருக்கும். கூட்டம் கூடக் கூட அந்த எழுத்து இறங்கிக்கொண்டே வரும். கடைசி எழுத்தை நெருங்கும்போது ஆசிரியர்கள் வாசலுக்கு வந்துவிடுவார்கள்.

இங்கே ஒரு நுட்பம் இருக்கிறது. "எத்தனை பேருக்கு இடம்" என்பது கட்டடத்தின் அளவு மட்டும் அல்ல. நீங்கள் கொடுக்கும் நிதியைக் குறைத்தால் அதுவும் குறையும். கட்டடம் அதேதான், ஆசிரியர்கள் குறைந்துவிட்டார்கள் என்று பொருள். மருமகனின் ஊரில் ஆற்றோரப் பள்ளியைத் தொட்டபோது 220 பேருக்கு இடம், 263 மாணவர்கள் என்று காட்டியது. நாற்பத்து மூன்று பிள்ளைகள் அதிகம். அவன் ஸ்லைடரை இழுத்த அன்று அந்தப் பள்ளி சமாளித்துக்கொண்டுதான் இருந்தது. பிறகு பக்கத்தில் அடுக்குமாடி எழுந்தது, பிள்ளைகள் வந்தார்கள், இடம் மட்டும் அப்படியே நின்றது. சிக்கனம் பிடித்த நாளில் எதுவும் நடக்காது என்பதால்தான் புதியவர்கள் ஏமாந்துபோகிறார்கள்.

மூன்றாம் படி: அந்தக் கட்டடத்தின் ஸ்லைடரை மட்டும் அசையுங்கள்

அதே பெட்டியில் பள்ளிக்கு இரண்டு ஸ்லைடர்கள் இருக்கும். ஒன்று ஆசிரியர்களுக்கான நிதி. மற்றது பள்ளிப் பேருந்துக்கானது. அதை ஏற்றினால் பள்ளி பிள்ளைகளைச் சேர்க்கும் பகுதியைக் காட்டும் வட்டம் விரியும், இறக்கினால் சுருங்கும். மருத்துவமனைக்கும் இதே ஏற்பாடுதான், பேருந்துக்குப் பதில் ஆம்புலன்ஸ்.

ஆசிரியர் நிதியை, இடத்தின் எண் மாணவர் எண்ணைத் தாண்டும்வரை ஏற்றுங்கள். தாண்டியதும் நிறுத்திவிடாதீர்கள். பத்தில் ஒரு பங்கு கூடுதலாக விடுங்கள். ஆற்றோரப் பள்ளிக்கு நாங்கள் 290 என்று வைத்தோம். இன்னும் இருபத்தேழு பிள்ளைகள் வரலாம். அதுவரை மேயர் நிம்மதியாகத் தூங்கலாம்.

துறைவாரியான பெரிய ஸ்லைடர் இருக்கிறதே, அதை மறந்துவிடுங்கள். அது எல்லாப் பள்ளிகளையும் ஒரே கயிற்றில் கட்டி இழுப்பது. பாதி காலியாக இருக்கும் பள்ளிக்கும் பிதுங்கி வழியும் பள்ளிக்கும் ஒரே அளவில் வெட்டு விழும். ஒவ்வொன்றாகத் தொட்டுத் திருத்துவது சலிப்பான வேலைதான், மறுக்கவில்லை. ஆனால் மேயர் வேலையே அதுதான்.

நான்காம் படி: அதற்கும் அடங்கவில்லை என்றால்

ஸ்லைடர் உச்சிக்குப் போயும் மாணவர் எண் மேலே நின்றால், இன்னொரு பள்ளி கட்டுவதைத் தவிர வழியில்லை. எங்கே கட்டுவது? நெரிசலான பள்ளியின் வட்டத்துக்கு முழுக்க வெளியே கட்டினால் அங்குள்ள கூட்டம் குறையாது. வட்டங்கள் ஒன்றன்மேல் ஒன்று ஓரளவு விழ வேண்டும். கட்டிய பிறகு பழைய பள்ளியின் பேருந்து நிதியைச் சற்று இறக்குங்கள். விளிம்பில் இருந்த தெருக்கள் புதிய பள்ளியின் கைக்குப் போய்விடும்.

கட்டிய கையோடு புதிய பள்ளியின் நிதியையும் இறக்க மறக்காதீர்கள். முழு நிதியோடுதான் அது பிறக்கும்; ஐம்பது பிள்ளைகளுக்கு ஒரு பட்டாளமே சம்பளம் வாங்கிக்கொண்டிருக்கும்.

ஐந்தாம் படி: காசு எங்கிருந்து வரும்?

உங்கள் ஊருக்குள்ளேயே இருக்கிறது. ஊரின் ஓரத்தில், தொழிற்பேட்டைக்குப் பக்கத்தில், ஆரம்ப காலத்தில் கட்டிய பள்ளியையோ மருந்தகத்தையோ தொட்டுப் பாருங்கள். பெரும்பாலும் பாதி காலியாக இருக்கும். அங்கே இறக்கியதை இங்கே ஏற்றுங்கள். மருமகனின் ஊரில் இப்படிச் சுற்றி வந்ததில், ஐந்து பள்ளிகளில் மூன்றுக்குத்தான் கூடுதல் பணம் தேவைப்பட்டது. மற்ற இரண்டில் 70-க்குக் கீழேயே வைத்தும் இடம் மிச்சமிருந்தது. அங்கே பதாகை பிடித்தது பிள்ளைகள் முன்பு அதிகமாக இருந்த காலத்தின் கோபம் போலும். கடிகாரம் ஓடியதும் கலைந்துவிட்டார்கள்.

வரியை ஏற்றலாம். தொடக்கத்தில் 9 விழுக்காடு இருக்கும். சற்று ஏற்றினால் சகித்துக்கொள்வார்கள், அதிகம் ஏற்றினால் குடிவருவது நிற்கும். கடன் வாங்கலாம், ஆனால் மாதாமாதம் தவணை கழியும். பணம் தீரும் நேரம் பார்த்து, நச்சுக்கழிவுக் கிடங்கு, சூதாட்ட விடுதி, சிறைச்சாலை என்று ஏதாவது ஒன்றை ஊருக்குள் வைக்க இடம் கொடுத்தால் மாதந்தோறும் பணம் தருகிறோம் என்று அழைப்பும் வரும். என்னைக் கேட்டால், ஆசிரியர் சம்பளத்துக்காக நச்சுக்கழிவை வரவேற்பது வீட்டுக் கூரையைப் பிரித்து அடுப்பெரிப்பது.

தீயணைப்பு, காவல் நிலையங்கள்

இவர்களும் வேலைநிறுத்தம் செய்வார்கள். இவர்களுக்கு இடப்பிரச்சினை இல்லை. நிதியை அதிகம் வெட்டினால் கிளம்பிவிடுவார்கள், திருப்பிக் கொடுத்தால் வந்துவிடுவார்கள். இங்கே சிக்கனம் பிடிக்க நினைக்காதீர்கள். ஒரு தீ போதும், மிச்சம் பிடித்ததெல்லாம் புகையாகிவிடும். சாலைத்துறை இன்னொரு விதம். சாலை பதாகை பிடிக்காது. நிதியைக் குறைத்தால் வெடித்துப் பள்ளமாகி, ஒருநாள் வண்டி போக முடியாமல் நின்றுவிடும்.

ஒரு கிளைக்கதை

நாங்கள் ஒவ்வொரு பள்ளியாகத் தொட்டுக்கொண்டிருந்தபோது, தண்ணீர் குடிக்க வந்த அம்மா பின்னால் நின்று பார்த்தார். "எதற்கு இத்தனை பேர் வாசலில் நிற்கிறார்கள்?" என்று கேட்டார். வேலைநிறுத்தம் என்றேன். "உன் தாத்தா செய்ததா?" என்றார்.

தாத்தா கிள்ளான் பக்கத்துத் ரப்பர் தோட்டத்தில் பால் எடுக்கப் பால்மரம் வெட்டியவர். 1941-இல் கிள்ளான் வட்டாரத் தோட்டத் தொழிலாளர்கள் நடத்திய வேலைநிறுத்தத்தை அவர் வாலிபனாகப் பார்த்தவர். அவர்கள் வைத்த கோரிக்கைகளில், சீனத் தொழிலாளர்களுக்கு இணையான கூலி இருந்தது. பிள்ளைகளுக்கு முறையான பள்ளி, முறையான மருத்துவ வசதி ஆகியவையும் இருந்தன. அதோடு, தோட்டத்தில் துரைக்கும் (வெள்ளைக்கார மேலாளர்) கிராணிக்கும் (எழுத்தர்) முன்னால் சைக்கிளை விட்டு இறங்காமல் ஓட்டிப்போகும் உரிமையும் இருந்தது. தலைவர் ஆர். எச். நாதன் கைதாகி நாடு கடத்தப்பட்டார். ராணுவம் வந்தது, தொழிலாளர்கள் சிலர் சுட்டுக் கொல்லப்பட்டார்கள்.

மருமகன் எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, "சைக்கிளுக்கு எந்த ஸ்லைடர்?" என்றான். கிண்டலாகத்தான் கேட்டான். ஆனால் நான் கொஞ்ச நேரம் பதில் சொல்லவில்லை. இந்த ஆட்டத்தின் ஊழியர்களுக்கு நெரிசலும் நிதியும்தான் குறை. பெட்டியைத் திறந்தால் இரண்டு எண்களில் தெரிந்துவிடும். 2021 ஜூலை 26 அன்று இங்கே மலேசியாவில் ஒப்பந்த மருத்துவர்கள் வெளிநடப்புச் செய்தார்களே, அவர்கள் கேட்டது நிரந்தரப் பணி. அதைக் காட்டும் பெட்டியும் ஆட்டத்தில் இல்லை. அதனால்தான் இது ஆட்டம்.

ஆறாம் படி: மெதுவான வேகத்தில் ஓடவிடுங்கள்

எல்லாம் திருத்திய பிறகு, மிகக் குறைந்த வேகத்தில் கடிகாரத்தை ஓடவிட்டு வாசலைப் பாருங்கள். பதாகைக்காரர்கள் உடனே கலைய மாட்டார்கள். சிறிது நேரம் சுற்றிவிட்டுத்தான் உள்ளே போவார்கள். அந்த இடைவெளியில் பதறி மறுபடியும் ஸ்லைடரை ஏற்றுகிறவர்கள் உண்டு. கையைக் கட்டிக்கொண்டு காத்திருங்கள். நெடுநேரம் ஆகியும் கலையாவிட்டால் பெட்டியைத் திறந்து எண்களை மறுபடி பாருங்கள். கடிகாரம் ஓடத் தொடங்கிய பிறகு எங்காவது ஒரு புதிய அடுக்குமாடி எழுந்திருக்கும்.

அதன் பிறகு பழக்கம்தான். நான் ஆட்டத்தில் ஐந்து ஆண்டுகளுக்கு ஒருமுறை, அடுக்குமாடிகள் வேகமாக எழும் காலத்தில் இரண்டு ஆண்டுகளுக்கு ஒருமுறை, எல்லாப் பள்ளிகளையும் மருத்துவமனைகளையும் ஒரு சுற்றுத் தொட்டு வருகிறேன். குடியிருப்பு மண்டலத்தை அடர்த்தியாக மாற்றிய உடனே அந்தப் பகுதிப் பள்ளிக்கு மட்டும் தனியாக ஒரு பார்வை.

மருமகனின் ஊரில் அன்றிரவு ஒன்றரை மணிக்குக் கடைசிப் பதாகையும் மறைந்தது. ஆற்றோரப் பள்ளியின் மதிப்பெண் இரண்டு எழுத்துகள் மேலே ஏறியிருந்தது. அவன் நிம்மதியாகப் பெருமூச்சுவிட்டுச் சேமித்துவிட்டு, அடுத்த நொடியே ஆற்றின் அக்கரையில் புதிய குடியிருப்பு மண்டலம் வரைய ஆரம்பித்தான். பள்ளி எங்கே என்று கேட்டேன். "காலையில் கட்டுகிறேன், மாமா" என்றான்.